‘அழிந்துபோன’ மாயர்களின் ஊரில் ஒரு நாள்



முன்வாழ்ந்த சமுதாயங்களின் முடிவைப் பயணம் செய்து காணுமாறு திருக்குர்ஆன் பல இடங்களில் நம்மை அழைக்கிறது. மத்ரஸாவில் ஆது, ஸமூது கூட்டத்தாரின் வரலாற்றை ஓதிக்கொடுக்கும்போது, உலகின் மற்ற பழஞ்சமுதாயங்களையும் சேர்த்துச் சொல்வது நமது வழக்கம். அவ்வரிசையில் மாயர்களும் உண்டு. ‘வானளாவக் கட்டினார்கள், நரபலி கொடுத்தார்கள், இருந்த இடம் தெரியாமல் அழிந்தார்கள்’ என்று மூன்றே வரிகளில் அந்தப் பாடத்தை முடித்துவிடுவோம். அவற்றுள் மூன்றாவது வரி பிழையானது என்பதை அறிய, அவர்களது மண்ணில் ஒரு பகல் முழுவதும் நடக்க வேண்டியிருந்தது.

அமெரிக்காவில் வாழும் உறவினர் குடும்பத்தோடு, மெக்சிகோவின் யுகடான் தீபகற்பத்துக்குச் செல்லும் வாய்ப்பு நமக்குக் கிட்டியது. மெரிடா நகரில் தங்கினோம். அங்கிருந்து பழைய நகரங்களுக்குச் சுற்றுலாப் பேருந்துகள் செல்கின்றன. எனினும் முதியவர்களும் சிறுவர்களும் உடனிருந்தனர். தொழுகைக்கும் உணவுக்கும் நம் வசதிப்படி நேரம் வேண்டியிருந்தது. ஆகவே, உரிமம் பெற்ற வழிகாட்டி ஒருவரை வண்டியோடு ஒரு நாளுக்குத் தனியாக அமர்த்திக்கொண்டோம். பன்றி இறைச்சி அங்கே பரவலாகப் பரிமாறப்படுவதால், நமது உணவு முறையை முந்தைய நாளே அவரிடம் சொல்லிவிட்டோம். மக்காச்சோள ரொட்டி, கறுப்பு அவரை, முட்டை, பழங்கள் என்று பகலுணவுக்கு அவரே ஏற்பாடு செய்தார். செலவு சற்றுக் கூடுதல்தான். ஆனால் கேட்ட கேள்விக்கெல்லாம் நின்று விடை பெற முடிந்தது. பேருந்துக் கூட்டத்தோடு சென்றிருந்தால் கண்டிராத ஓர் ஊரையும் காண முடிந்தது.

வழிகாட்டி நடுத்தர வயதினர். ஸ்பானிய மொழியைப் பள்ளியிலும், ஆங்கிலத்தைத் தொழிலுக்காகவும் கற்றவர். தாய்மொழி எது என்று கேட்டபோது, ‘மாயா’ என்றார். அந்த விடையிலேயே நாம் விழித்துக்கொண்டிருக்க வேண்டும். அப்போது அது நம் மனத்தில் பதியவில்லை.

ஆறில்லாத ஊரில் ஒரு நகரம்

மெரிடாவுக்குத் தெற்கே சுமார் 80 கிலோமீட்டர் தொலைவில் இருக்கிறது உஷ்மால். வெயில் ஏறுமுன் சேர்ந்துவிட வேண்டும் என்று வழிகாட்டி அதிகாலையிலேயே அழைத்துச் சென்றார். கி.பி. 700க்கும் 1000க்கும் இடைப்பட்ட காலத்தில் சிறந்தோங்கிய நகரம் அது. நுழைந்தவுடன் எதிர்ப்படுவது ‘மந்திரவாதியின் பிரமிடு’. ஏறத்தாழ 35 மீட்டர் உயரம். மூலைகள் கூராக இல்லாமல் வளைந்திருக்கின்றன. ஒரு குள்ளன் ஒரே இரவில் கட்டி முடித்தான் என்பது ஊர்க்கதை. ஐந்து கட்டங்களாக, ஒன்றன்மேல் ஒன்றாக எழுப்பப்பட்டது என்பது ஆய்வாளர் முடிவு. சற்றுத் தள்ளி, உயர்ந்த மேடையின்மீது சுமார் 100 மீட்டர் நீளத்துக்கு ‘ஆளுநர் மாளிகை’ நிற்கிறது. கீழ்ச்சுவர் வெறுமையாகவும், மேற்சுவர் முழுவதும் தனித்தனியே செதுக்கிப் பொருத்திய ஆயிரக்கணக்கான கற்களாலும் ஆனது. இரும்புக் கருவியோ, சுமை இழுக்கும் கால்நடையோ, வண்டிச் சக்கரமோ இல்லாத மக்கள் இவற்றைக் கட்டினார்கள்.

நம்மை அதிகம் வியக்கவைத்தது கட்டடமன்று, தண்ணீர். அந்த வட்டாரத்தில் ஆறு இல்லை, ஏரி இல்லை. சுண்ணாம்புப் பாறைக்கடியில் நிலத்தடி நீர் மிக ஆழத்தில் கிடக்கிறது. அம்மக்கள் தரையைக் குடைந்து, குறுகிய வாயும் அகன்ற வயிறும் கொண்ட குடுவை வடிவத் தொட்டிகளை அமைத்தனர். உட்புறம் சுண்ணச் சாந்து பூசி, மேடைகளிலும் முற்றங்களிலும் விழும் மழைநீரை அவற்றில் இறக்கிச் சேமித்தனர். ‘சுல்துன்’ என்பது அதன் பெயர். மழை தவறினால் நகரமே தவித்துவிடும். அதனால்தான் சுவரெங்கும் நீண்டு வளைந்த மூக்குடைய ‘சாக்’ என்னும் மழைத் தெய்வத்தின் முகங்கள்.

படைத்தவனை விட்டுக் கல்முகத்திடம் மழை கேட்ட அவலத்தை எண்ணி வருந்தினோம். நரபலியும் கட்டுக்கதையன்று, அவர்களது சிற்பங்களும், சிச்சென் இட்சா நகரின் கிணற்றிலிருந்து எடுக்கப்பட்ட மனித எலும்புகளும் அதற்குச் சாட்சி. ஆயினும் ஒரு துளி நீரையும் வீணாக்காமல் சேமித்த அந்த உழைப்பைக் கண்டபோது, ஒளூச் செய்யும் இடத்தில் குழாயைத் திறந்தபடியே விட்டுப் பேசிக்கொண்டிருக்கும் நமது பழக்கம் நினைவுக்கு வந்து வெட்கமுற்றோம்.

அடுத்து, நான்கு கட்டடங்கள் சூழ்ந்த பெரிய முற்றம். கன்னியர் மடம் போலத் தோன்றியதால் ஸ்பானியர் அதற்கு அப்பெயரையே சூட்டிவிட்டனர். அங்கே நின்று, மத்ரஸாவில் சொல்லும் அதே தொனியில், “இந்த மக்கள் எப்போது அழிந்தார்கள்?” என்று கேட்டோம்.

வழிகாட்டி உடனே விடை கூறவில்லை. ஒரு வாசலின் மேலே கையைக் காட்டினார். அங்கே கல்லில் ஒரு சிறு குடிசை செதுக்கப்பட்டிருந்தது: கூரை வேய்ந்த, எளிய குடியானவர் வீடு.

“ஐயா, என் தாயாரின் வீடு இப்படித்தான் இருக்கிறது. கூரையும் இப்படித்தான் வேய்கிறோம். நாங்கள் எப்போது அழிந்தோம்?” என்றார்.

அவர் சினக்கவில்லை; பலமுறை சொல்லிப் பழகிய குரல் அது. நமக்குத்தான் முகம் சிவந்தது.

நடந்தது என்ன?

நகரங்கள் கைவிடப்பட்டன, மக்கள் அழியவில்லை. ஒன்பதாம் நூற்றாண்டில் தெற்கிலுள்ள மாயா நகரங்கள் ஒவ்வொன்றாய் வெறிச்சோடின. அடுத்தடுத்து வந்த வறட்சி, அரசுகளிடையே ஓயாத போர், மிகுந்த மக்கள்தொகையைத் தாங்க இயலாத நிலம் ஆகியவற்றை ஆய்வாளர்கள் காரணங்களாகக் கூறுகின்றனர். உஷ்மாலும் பின்னர் ஒளி குன்றியது. மக்களோ சிற்றூர்களிலும் வேறு நகரங்களிலும் வாழ்ந்தனர். 1542-இல் ஸ்பானியர் மெரிடாவை நிறுவியதே ஒரு மாயா நகரத்தின்மீது, அதன் கற்களைக்கொண்டுதான். மாயர்களின் கடைசிச் சுதந்திர அரசு, இன்றைய குவாத்தமாலாவில், 1697 வரை அடிபணியாமல் நின்றது. இன்றும் மெக்சிகோ, குவாத்தமாலா, பெலிஸ் முதலிய நாடுகளில் சுமார் 30 மாயா மொழிகளைப் பல லட்சம் மக்கள் பேசுகின்றனர். வழிகாட்டியின் மொழியை மட்டும் மெக்சிகோவில் 7 லட்சத்துக்கும் மேற்பட்டோர் பேசுகின்றனர்.

சந்திரனை எண்ணியவர்கள்

உஷ்மாலிலிருந்து திரும்பும் வழியில், நம்முடன் வந்த சிறுவன் ஒருவன், 2012-இல் உலகம் அழியும் என்று சொன்னவர்கள் இவர்கள்தானே என்று கேட்டான். அவர்கள் அப்படிச் சொல்லவில்லை. மாயர்களின் நெடுங்கணக்கில் 1,44,000 நாட்கள் கொண்டது ஒரு ‘பக்துன்’. 2012 டிசம்பர் 21-இல் பதின்மூன்றாவது பக்துன் நிறைவுற்றது; அவ்வளவே. பலெங்கே நகரின் கல்வெட்டு ஒன்று, கி.பி. 4772-இல் வரும் ஒரு நாளையும் குறிக்கிறது. உலகின் முடிவு எப்போது என்ற அறிவு இறைவனிடம் மட்டுமே உள்ளது என்று ஓதிக்கொடுக்கும் நாமே, அவ்வாண்டில் மாணவர்களின் அச்சத்தைப் போக்கப் பட்ட பாடு நினைவுக்கு வந்தது.

அவர்கள் இருபதை அடியாகக் கொண்டு எண்ணினார்கள். புள்ளி ஒன்றைக் குறித்தது, கோடு ஐந்தைக் குறித்தது, சிப்பி வடிவம் பூஜ்யத்தைக் குறித்தது. ஜெர்மனியின் டிரெஸ்டன் நகர நூலகத்தில் பாதுகாக்கப்படும் அவர்களது ஏடு ஒன்றில் கிரகணக் கணக்கு இருக்கிறது. அதன்படி 405 சந்திர மாதங்களுக்கு 11,960 நாட்கள். வகுத்துப் பாருங்கள்: ஒரு மாதம் 29.53 நாட்களுக்குச் சற்று மிகுதி. ஏறத்தாழ 33 ஆண்டுக் கணக்கில் மூன்று மணி நேரம்கூடப் பிழை வரவில்லை. ஷஅபான் 29 மாலையில் பிறை தேடி நிற்கும் நமக்கு, தொலைநோக்கியின்றித் தலைமுறை தலைமுறையாய் வானத்தைப் பார்த்துக் குறித்துவைத்த அந்தப் பொறுமையின் மதிப்பு விளங்காமற்போகுமா?

மானியில் எரிந்தவை

டிரெஸ்டனில் உள்ளது தவிர வேறு ஏடுகள் எங்கே என்று கேட்டோம். “வழியில் காட்டுகிறேன்” என்றார் வழிகாட்டி. மாலையில் மானி என்னும் சிற்றூரில் வண்டியை நிறுத்தினார். பெரியதோர் ஆலயம், அதன் முன்னே புல் படர்ந்த விசாலமான முற்றம், சிறுவர்கள் பந்து விளையாடிக்கொண்டிருந்தனர்.

1562 ஜூலை 12-இல் பிரான்சிஸ்கன் துறவி தியேகோ டி லாண்டா இவ்வூரில்தான் மாயர்களின் ஏடுகளையும் ஆயிரக்கணக்கான சிலைகளையும் தீயிலிட்டார். பழைய வணக்கத்தை இரகசியமாகத் தொடர்ந்தனர் என்ற குற்றச்சாட்டில் மாயர்கள் சித்திரவதை செய்யப்பட்டனர். அதில் 150க்கும் மேற்பட்டோர் மாண்டதாகப் பின்னர் நடந்த விசாரணை பதிவு செய்தது. லாண்டா ஸ்பெயினுக்கு அழைக்கப்பட்டு விசாரிக்கப்பட்டார். விடுவிக்கப்பட்டு, 1573-இல் யுகடானுக்கே ஆயராகத் திரும்பினார். உலகில் இன்று எஞ்சியுள்ள மாயா ஏடுகள் நான்கே.

ஆயினும் அதே லாண்டா, 1566 அளவில் மாயர்களின் வாழ்வைப் பற்றி எழுதிய நூலில் அவர்களது எழுத்துகள் சிலவற்றை வரைந்துவைத்தார். மூன்று நூற்றாண்டுகளுக்குப் பின் அதன் பிரதி மத்ரிதில் கிடைத்தது. அதைத் துணையாகக் கொண்டு, மாயர்களின் மண்ணையே மிதித்திராத சோவியத் அறிஞர் யூரி நோரோசோவ் 1952-இல் அவ்வெழுத்தைப் படிக்கும் வழியைத் திறந்தார். எரித்தவரின் குறிப்பே, எரிந்து மிஞ்சியவற்றைப் படிக்க உதவியது.

கிரனாடாவும் மானியும்

அந்த முற்றத்தில் நிற்கையில் நம் உள்ளம் கிரனாடாவுக்குச் சென்றது. அதற்கு வரலாற்றுக் காரணமும் உண்டு. 1492-இல் கிரனாடா வீழ்ந்தபோது, முஸ்லிம்களின் மார்க்கத்துக்குப் பாதுகாப்பு அளிப்பதாக எழுத்தில் வாக்களிக்கப்பட்டது. 1499-இல் அங்கு வந்த சிஸ்னேரோஸ், கட்டாய மதமாற்றத்தைத் தொடங்கினார். ஆயிரக்கணக்கான அரபு நூல்களைப் பிப்-ரம்லா சதுக்கத்தில் எரித்தார். மருத்துவ நூல்கள் மட்டும் தப்பின. அந்த சிஸ்னேரோஸும் பிரான்சிஸ்கன் துறவியே. அவரும், பின்னாளில் லாண்டாவும், துறவு பூண்டது தொலேதோ நகரின் ஒரே மடத்தில். கிரனாடாவில் எழுந்த தீ, அறுபது ஆண்டுகளில் கடல் கடந்து மானியை அடைந்தது.

கிரனாடாவுக்காக நாம் கண்ணீர் விடுகிறோம்; சொற்பொழிவுகளில் கூறுகிறோம். மானிக்காக வருந்தியதுண்டா? அவை சிலை வணங்கிகளின் ஏடுகள்தாமே என்று மனத்தின் ஒரு மூலை சொல்லலாம். லாண்டாவும் அதே காரணத்தைத்தான் சொன்னார். நம் முன்னோரின் நூல்களை எரித்தவரும் ஏறத்தாழ அதையேதான் சொன்னார். பிறரது வணக்கத்தை ஏற்காதிருப்பது வேறு; அவர்களது அறிவையும் நினைவையும் அழிப்பது வேறு.

இதற்கு நமது மரபிலேயே நல்ல முன்மாதிரி உண்டு. உஷ்மால் தன் இறுதிப் புகழில் இருந்த அதே காலத்தில் வாழ்ந்தவர் இமாம் அல்பிரூனி. அவர் இந்தியாவுக்கு வந்து சமஸ்கிருதம் கற்று, இந்துக்களின் கொள்கைகளையும் வான் கணக்கையும் அவர்களது நூல்களிலிருந்தே எடுத்து, 1030 அளவில் பெருநூலாக எழுதினார். அவற்றை அவர் ஏற்றுக்கொள்ளவில்லை; திரிக்கவுமில்லை. ஆயிரம் ஆண்டுகளுக்குப் பின்னும் அந்நூல் அனைவராலும் படிக்கப்படுகிறது.

ஊர் திரும்பியதும் மத்ரஸாக் குறிப்பேட்டை எடுத்தோம். ‘இருந்த இடம் தெரியாமல் அழிந்தார்கள்’ என்ற வரியை அடித்துவிட்டு, ‘அவர்களது நகரங்கள் வீழ்ந்தன, ஏடுகள் எரிக்கப்பட்டன, அவர்கள் இன்றும் வாழ்கிறார்கள்’ என்று எழுதினோம். அந்தப் பாடம் இப்போது மூன்று வரிகளில் முடிவதில்லை. அந்தக் கல் குடிசையின் படத்தையும் பிள்ளைகளுக்குக் காட்டுகிறோம்.

நமக்கு வேண்டியவர்களின் வரலாற்றில் மட்டுமின்றி, எல்லோருடைய வரலாற்றிலும் நீதியோடு பேசும் நற்பேற்றை அல்லாஹ் நம் அனைவருக்கும் வழங்குவானாக. ஆமீன்.