முதலாளி மகன் கேட்ட பத்து வெள்ளி

காம்பாரில் என் பாட்டி முப்பது வருஷம் பால்மரம் வெட்டிய தோட்டம் இன்று தாமான் ஆகிவிட்டது. அதில் ஒரு சாண் நிலம்கூட அவர் பேரில் இல்லை. துன் வீ.தி. சம்பந்தனைப் பற்றி வாசிக்கும்போது எனக்கு முதலில் தோன்றுவது இதுதான்.

ஈப்போவுக்கு வடக்கே சுங்கை சிப்புட்டில் 1919-இல் பிறந்தவர். அப்பா வீராசாமி ரப்பர் தோட்ட முதலாளி. மகன் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் படித்தார், 1955-இல் ம.இ.கா. தலைவரானார், தொழிலாளர் அமைச்சரும் ஆனார். முதலாளி வீட்டுப் பிள்ளைக்குத் தொழிலாளி கஷ்டம் என்ன தெரியும் என்று கேட்கலாம்தான். ஆனால் நிலப்பட்டா யார் கையில் இருக்கிறதோ அவன் வைத்ததுதான் சட்டம் என்பது அந்த வீட்டுப் பிள்ளைக்குத்தான் நன்றாகத் தெரியும்.

சுதந்திரத்தை ஒட்டி வெள்ளைக்காரக் கம்பெனிகள் தோட்டங்களை விற்றன. வாங்கியவர்கள் துண்டாடி விற்றார்கள். வேலையோடு லயத்து வீடும் போனது. 1960-இல் சம்பந்தன் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கி, தொழிலாளர்களிடம் பத்து வெள்ளி பத்து வெள்ளியாகப் பங்குப் பணம் சேர்த்தார். முதலில் வாங்கியது கெடாவில் புக்கிட் சீடிம் தோட்டம். பங்குதாரர் ஆனவரும் மறுநாள் விடியலில் அதே மரத்தைத்தான் வெட்டப் போனார், உண்மைதான். அதற்காக அதைச் சின்ன விஷயம் என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை.

கட்சிக்குள் எதிர்ப்பு முற்றி 1973-இல் தலைவர் பதவியை மாணிக்கவாசகத்திடம் விட்டார். 1979-இல் இறந்தார். சங்கம் இன்றும் இருக்கிறது.