நாக்பாடா தந்த அணித்தலைவர்



கூடைப்பந்துப் பயிற்சியால் மாலை மதரஸாவுக்குத் தாமதமாக வரும் மகனைக் கண்டிக்குமாறு ஆர்.எஸ்.புரத்துத் தந்தை ஒருவர் நம்மிடம் கேட்டுக்கொண்டார். “பந்தா ஹஜ்ரத் சோறு போடப் போகிறது?” என்றார். அப்போது நம் நினைவுக்கு வந்தவர், இந்தியக் கூடைப்பந்து அணியின் முன்னாள் தலைவர் குலாம் அப்பாஸ் முன்தஸிர்.

1942-இல் பிறந்த அவர், மும்பையில் முஸ்லிம்கள் நெருக்கமாக வாழும் நாக்பாடா பகுதியில் வளர்ந்தவர். 1920-களில் கிளிஃபோர்ட் மேன்ஷார்ட் என்ற அமெரிக்கக் கிறிஸ்தவ ஊழியர் அங்கே ‘நாக்பாடா நெய்பர்ஹுட் ஹவுஸ்’ என்னும் சமூகநல இல்லத்தை நிறுவினார். இன்றைய டாடா சமூக அறிவியல் கழகம் 1936-இல் தொடங்கப்பட்டதும் அவ்வில்லத்தில்தான். அந்த வட்டாரத்தில் கூடைப்பந்து வேரூன்றியது. மஹல்லாவின் சிறுவர்களுக்கு ஆட்டம் கற்றுக்கொடுத்தவர் பச்சூ கான். மாநகராட்சி மைதானம் இன்றும் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது.

அச்சூழலில் உருவான முன்தஸிர் இந்திய அணிக்குத் தலைமை ஏற்றார். 1970-ஆம் ஆண்டின் அர்ஜுனா விருதைப் பெற்றார். இந்தியா ஆசியக் கூடைப்பந்துப் போட்டியில் முதன்முதலாகக் கலந்துகொண்டது 1965-இல்தான். பத்தே ஆண்டுகளில், 1975-இல் பாங்காக்கில், நான்காம் இடத்தை எட்டியது. அத்தலைமுறைக்கு ஊதியம் வழங்கும் தொழில்முறைப் போட்டித் தொடர் எதுவும் நம் நாட்டில் இருக்கவில்லை. எனினும் ரயில்வே, இராணுவம் முதலிய துறைகள் விளையாட்டு வீரர்களுக்கு வேலை அளித்தன. அவ்வகையில் பந்து பலருக்குச் சோறும் போட்டது.

“விளையாட்டு தீனை மறக்கச் செய்யுமே” என அஞ்சுவோரும் உண்டு. அவர்களுக்கு நைஜீரியாவில் பிறந்து அமெரிக்காவில் ஆடிய ஹக்கீம் ஒலாஜுவான் வாழ்வில் விடை இருக்கிறது. 1995-இல் ரமழான் பிப்ரவரி மாதத்தில் வந்தது. அவர் நோன்பு நோற்றபடியே ஆடினார். அம்மாதத்தின் சிறந்த வீரராகவும் தேர்வானார். தீனை மறக்கச் செய்வது பந்தன்று, நம் கவனக்குறைவே.

வலிமையான இறைநம்பிக்கையாளரை அல்லாஹ் அதிகம் நேசிக்கிறான் என்பது நபி (ஸல்) அவர்களின் போதனை. அம்பெய்து பயின்ற அஸ்லம் கோத்திரத்தாரை அண்ணலார் ஊக்குவித்ததையும் நாம் அறிவோம். அவ்வாறிருக்க, நெரிசல் மிக்க ஒரு மஹல்லாவின் பிள்ளைகளுக்கு ஒரு மைதானத்தின் தேவையைப் பிறர் வந்து உணர்ந்தார்கள். நம் ஜமாஅத்துகள் அதனை உணர்ந்திருக்கின்றனவா? மண்டபம் கட்ட நிதி திரட்டும் நாம், பிள்ளைகள் ஓடியாட ஓர் இடத்தையும், அவர்களோடு நிற்க ஒரு பச்சூ கானையும் தேடியதுண்டா?

அம்மாணவரை நாம் கண்டிக்கவில்லை. அவருடைய பாடத்தை மஃரிபுக்குப் பின் மாற்றிக்கொடுத்தோம். ஒரே நிபந்தனை விதித்தோம்: அஸர் தொழுத பிறகே பந்தைத் தொட வேண்டும். தந்தையும் இசைந்தார், அல்ஹம்துலில்லாஹ்.