ஆமைப் பாட்டியும் சாம்பல் பெட்டியும்

சென்ற கோடை விடுமுறைக்கு என் மகன் குடும்பத்தோடு ஊருக்கு வந்திருந்தான். வந்த மறுநாள் காலையிலேயே பீரோவின் அடித்தட்டைக் குடைய ஆரம்பித்துவிட்டான். வீட்டுப் பத்திரத்தைத்தான் தேடுகிறானோ என்று எனக்குக் கொஞ்சம் திகிலாக இருந்தது. கடைசியில் அவன் எடுத்தது ஒரு பழைய பிஸ்கட் டப்பா. அதற்குள் செங்கல் மாதிரி ஒரு சாம்பல் நிறப் பெட்டியும் இரண்டு கார்ட்ரிட்ஜுகளும் இருந்தன.

அந்தப் பெட்டிக்குக் 'கேம் பாய்' என்று பெயர். 1994-ல் சிங்கப்பூரிலிருந்து வந்த என் மைத்துனர் தம் மருமானுக்கு வாங்கி வந்தது. நான்கு பென்சில் பாட்டரி போட்டால் அதற்கு உயிர் வரும். பையன் கெட்டான் என்று நான் முடிவு கட்டிவிட்டேன். அந்த முடிவில் என்னோடு யாரும் சேரவில்லை. என் மனைவி அதனுடன் வந்த 'டெட்ரிஸ்' ஆட்டத்தில் பையனையே தோற்கடித்துக் கொண்டிருந்தாள். உலையில் அரிசியைப் போட்டுவிட்டு அவள் அந்தப் பெட்டியோடு உட்கார்ந்த நாட்களில் எங்கள் வீட்டுச் சோறு கொஞ்சம் குழைவாகவே இருந்தது.

1999-ல் மைத்துனர் இன்னொரு கார்ட்ரிட்ஜ் கொண்டு வந்தார். அது 'போக்கிமான்'. சடோஷி தஜிரி என்ற ஜப்பானியர் சிறு வயதில் பூச்சி பிடித்து வளர்த்த பைத்தியத்தை விளையாட்டாக மாற்றி, 1996-ல் வெளியிட்டது. புல்வெளியில் திரியும் விநோதப் பிராணிகளைப் பிடித்துப் பழக்கிச் சண்டைக்கு விட வேண்டும். கிட்டத்தட்டச் சேவற்கட்டுதான், ரத்தம் மட்டும் இல்லை. ஒவ்வொரு பிராணிக்கும் நாமே செல்லப் பெயர் வைக்கலாம். என் மகனுக்கு முதலில் கிடைத்தது ஓர் ஆமை. அதற்கு அவன் வைத்த பெயர், 'பாட்டி'.

என் அம்மாவுக்கு அப்போது எண்பது வயது. அறையிலிருந்து திண்ணைக்கு வர அவளுக்குப் பத்து நிமிஷம் ஆகும். பையன் பெயர் வைத்த காரணம் எனக்குப் புரிந்துவிட்டது. பெட்டியைப் பிடுங்கிப் பரணில் போடப் போனேன். அம்மாதான் தடுத்தாள். "ஆமைதானேடா நூறு வயசு இருக்கும்? வைச்சுட்டுப் போகட்டும்" என்றாள். அதோடு நிற்கவில்லை. பள்ளிக்கூடம் விட்டு அவன் வந்ததும் தினமும் ஒரு கேள்வி: "இன்னிக்கு நான் ஜெயிச்சேனாடா?" ஆட்டம் வளர வளர ஆமையும் வளர்ந்தது. அதன் முதுகில் இரண்டு பீரங்கிகள் முளைத்த அன்று அம்மாவுக்கு உண்டான திருப்தியை நான் மறக்க முடியாது. 2001-ல் அம்மா காலமானாள். பிறகு பையன் மேற்படிப்புக்குப் போனான். பெட்டி டப்பாவுக்குள் போயிற்று.

இப்போது அதைத் திறந்தால், உள்ளேயே விட்டிருந்த பாட்டரிகள் கசிந்து பச்சை பூத்திருந்தன. அவற்றை எடுத்து வைக்காதது என் தவறு. "போனால் போகிறது அப்பா. பெட்டி வேண்டாம், கார்ட்ரிட்ஜ் போதும்" என்று சொல்லி, அவன் பையிலிருந்து கறுப்பாக, வழவழவென்று வேறொரு பெட்டியை எடுத்தான். 'அனலாக் பாக்கெட்' என்று அதற்குப் பெயராம். 2021 டிசம்பரில் வெளிவந்தது. முப்பது வருஷத்துப் பழைய கார்ட்ரிட்ஜையும் அதன் முதுகில் செருகி ஆடலாமாம்.

இது எப்படிச் சாத்தியம் என்று தெரிந்துகொள்ளும் ஆசையில் கொஞ்சம் படித்தேன். படிக்கப் படிக்க, பெட்டியைவிட அதைச் செய்த மனிதர் சுவாரசியமானவராக இருந்தார்.

ஜப்பானில் கியோட்டோ நகரத்தில் 1889-ல் ஹனஃபுடா என்ற பூப்படச் சீட்டுக்களைத் தயாரிக்க ஆரம்பித்த கடைதான் நின்டெண்டோ. 1965-ல் குன்பெய் யோகோய் என்ற இளைஞர் அங்கே வேலைக்குச் சேர்ந்தார். மின்சாரப் படிப்புப் படித்தவர். சீட்டு செய்யும் யந்திரங்களைப் பழுது பார்ப்பது உத்தியோகம். யந்திரங்கள் பழுதாகாத நேரத்தில், நீட்டினால் நீண்டு பொருளைப் பற்றிக்கொள்ளும் ஒரு மரக்கை செய்து விளையாடிக் கொண்டிருந்தார். முதலாளி ஹிரோஷி யமவுச்சி பார்த்துவிட்டார். வேலை போயிற்று என்று யோகோய் நினைத்திருப்பார். முதலாளியோ, அதையே பொம்மையாகச் செய் என்றார். 1966-ல் விற்பனைக்கு வந்த அந்தக் கை பத்து லட்சத்துக்கு மேல் விற்றது. சீட்டு யந்திரத்துக்கு எண்ணெய் போட்டவர் பொம்மைக்காரர் ஆனார்.

பிறகு ஒரு நாள் யோகோய் அதிவேக ரயிலில் போகிறார். எதிரே உத்தியோகஸ்தர் ஒருவர் பொழுது போகாமல் கால்குலேட்டரின் பொத்தான்களைத் தட்டிக் கொண்டிருக்கிறார். கூட்டல் இல்லை, கழித்தல் இல்லை, வெறுமனே தட்டுகிறார். அந்தக் காலத்தில் கால்குலேட்டர் கம்பெனிகள் ஒன்றோடொன்று போட்டி போட்டு விலையைப் பாதாளத்துக்குக் கொண்டுபோயிருந்தன. அவற்றின் சின்னத் திரை சல்லிசாகக் கிடைத்தது. இதே அளவில் ஒரு விளையாட்டு இருந்தால் பெரியவர்களும் கூச்சமில்லாமல் ஆடுவார்களே என்று யோகோய்க்குத் தோன்றியது. பிறகொரு நாள் முதலாளியின் கார் டிரைவர் வரவில்லை. யோகோய் வண்டி ஓட்ட வேண்டியதாயிற்று. போகிற வழியில் பேச்சுவாக்கில் இந்த யோசனையைச் சொல்லி வைத்தார். முதலாளி காதில் வாங்கியதாகவே தெரியவில்லை. ஆனால் அன்றைக்குப் போன கூட்டத்தில் முதலாளிக்குப் பக்கத்தில் உட்கார்ந்தவர் ஷார்ப் கம்பெனித் தலைவர். சில நாளில் ஷார்ப்பிலிருந்து ஆட்கள் வந்து நின்றார்கள். 1980-ல் 'கேம் அண்ட் வாட்ச்' பிறந்தது. கதாசிரியன் இப்படி ஒரு தற்செயலை எழுதினால் பத்திரிகாசிரியர் திருப்பி அனுப்பிவிடுவார்.

யோகோயின் கொள்கையை அவரே ஒரு சொற்றொடரில் சொல்லியிருக்கிறார். அதை 'வாடிய தொழில்நுட்பம்' என்று மொழிபெயர்க்கிறார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. நம் தச்சர்கள் பச்சை மரத்தில் கதவு செய்வதில்லை அல்லவா? காய்ந்து முற்றி, இனிமேல் வளையாது, வெடிக்காது என்று நிச்சயமான கட்டையைத்தான் எடுப்பார்கள். யோகோய் சொன்னதும் அதுதான். விலை குறைந்து, குணமெல்லாம் தெரிந்து, எல்லோரும் பழசு என்று ஒதுக்கிய பொருளை எடுத்துப் புது உபயோகம் கண்டுபிடி.

1989 ஏப்ரல் 21-ம் தேதி, 12,500 யென் விலையில் கேம் பாய் வந்தது அந்தக் கொள்கைப்படிதான். திரையில் அகலம் 160 புள்ளி, உயரம் 144 புள்ளி. வர்ணம் கிடையாது, பாசி படிந்த குளம் போன்ற பச்சையில் நான்கே சாயல். திரைக்குப் பின்னால் விளக்கும் இல்லை. என் மகன் ஜன்னல் பக்கம் சாய்ந்து சாய்ந்து ஆடியதன் ரகசியம் இப்போது தெரிகிறது. அதே சமயத்தில் போட்டிக் கம்பெனிகள் வர்ணத் திரையும் விளக்குமாகப் பிரமாதமான பெட்டிகளைக் கொண்டு வந்தன. அவை ஆறு பாட்டரிகளை விழுங்கிவிட்டு நாலைந்து மணி நேரத்தில் அணைந்தன. பச்சைக் குளமோ நான்கு பாட்டரியில் பதினைந்து மணி நேரம் தாராளமாக ஓடியது. குடும்பஸ்தர்களுக்கு இந்தக் கணக்கை விளக்க வேண்டியதில்லை. கேம் பாயும் அதன் வர்ணத் தம்பியும் சேர்ந்து 11 கோடியே 87 லட்சம் வரை விற்றன.

அந்த வர்ணத் தம்பி 1998-ல் வந்தது. பழைய கார்ட்ரிட்ஜைப் போட்டால் அதற்கும் வர்ணம் பூசிக் காட்டும். 2001-ல் வந்த 'கேம் பாய் அட்வான்ஸ்' இன்னும் ஒரு படி மேல். அதற்குள் புதிய மூளை ஒன்று. அதன் பக்கத்திலேயே பழைய மூளையையும் வைத்துவிட்டார்கள். புது வீடு கட்டினாலும் மாமியாருக்கு ஓர் அறை ஒதுக்குவது போல. செருகும் கார்ட்ரிட்ஜின் உருவத்தைக் கொண்டே உள்ளே ஒரு விசை மாறி, பழைய மூளை விழித்துக்கொள்ளும்.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. பெட்டியைச் சாய்த்துச் சாய்த்து உருண்டைப் பொம்மை ஒன்றை உருட்டும் 'கிர்பி' ஆட்டம் 2000-ல் வந்தது. சாய்வை அறியும் கருவி கார்ட்ரிட்ஜுக்குள்ளேயே இருந்தது. 2003-ல் வந்த மடக்குப் பெட்டியில் கார்ட்ரிட்ஜைக் கீழ்ப்புறம் செருக வேண்டும். விளைவு, இந்தப் பக்கம் சாய்த்தால் பொம்மை அந்தப் பக்கம் ஓடியது! கார்ட்ரிட்ஜ் தலைகீழாக நின்றால் அது வேறென்ன செய்யும்?

2004-ல் வந்த இரட்டைத் திரைப் பெட்டியில் மாமியார் அறை எடுபட்டது. அட்வான்ஸ் கார்ட்ரிட்ஜ் வரை ஏற்றுக்கொண்டது. அதற்கும் முந்தியவற்றுக்கு இடமில்லை. பின்னால் வந்தவற்றில் கார்ட்ரிட்ஜே வேண்டாம், ஆட்டத்தை மட்டும் விலைக்கு வாங்கிக்கொள் என்றார்கள். 2011-ல் தொடங்கிய அப்படிப்பட்ட கடை ஒன்றின் விற்பனை 2023 மார்ச்சில் நின்றது. அந்த வருஷம் பிப்ரவரியிலேயே, 'ஸ்விட்ச்' என்ற பெட்டியில் சந்தா கட்டி ஆடும் பழைய ஆட்டங்களின் வரிசையில் டெட்ரிஸ் வந்து சேர்ந்துவிட்டது.

யோகோய் இவற்றில் எதையும் பார்க்கவில்லை. 1996-ல் கம்பெனியை விட்டு விலகினார். 1997 அக்டோபர் 4-ம் தேதி நெடுஞ்சாலை விபத்து ஒன்றில் இறந்து போனார். வயது 56.

புதுப் பெட்டிகள் பழைய ஆட்டத்தை ஆடுவதில் இரண்டு வழிகள் உண்டு. ஒரு வழியில், புது யந்திரம் பழைய யந்திரத்தைப் போல நடிக்கிறது; ஒவ்வொரு கட்டளையையும் படித்து, அது இருந்தால் என்ன செய்யுமோ அதைச் செய்கிறது. என் மகன் கொண்டு வந்தது இன்னொரு வழி. அதிலுள்ள சில்லுக்குள் எண்ணற்ற சின்னச் சின்ன இணைப்புகள். உத்தரவு கொடுத்தால் அவை கூடிப் பழைய சில்லின் சுற்றாகவே அமைந்துவிடுகின்றன. முதலாவது நாடகம், இரண்டாவது சாமியாட்டம். திரையிலும் ஒரு கணக்கு வைத்திருக்கிறார்கள். அகலம் 1600, உயரம் 1440. பழைய புள்ளி ஒன்றுக்குப் புதிய புள்ளி நூறு.

துல்லியமும் எல்லா இடத்திலும் லாபமில்லை. பழைய திரை மந்தமானது; அசைகிற உருவம் ஒரு கணம் மங்கலாகத் தேங்கி நிற்கும். சில கெட்டிக்காரர்கள் அதையே பயன்படுத்திக் கொண்டார்கள். உருவத்தை ஒரு கணம் காட்டி ஒரு கணம் மறைத்தால் பச்சைக் குளத்தில் அது புகைபோலத் தெரியும். புதுத் திரையிலோ வெறுமனே கண் சிமிட்டுகிறது. மட்டக் காகிதத்தில் மை ஊறி அழகாக இருந்த சித்திரத்தை வழவழப்புத் தாளில் மறுபடி அச்சடித்தால் கோடு கோடாகத் தெரியுமே, அப்படித்தான். என்னுடைய பழைய தொடர்கதை ஒன்றுக்கும் இந்தக் கதி நேர்ந்தது. இதை உணர்ந்துதானோ என்னவோ, பழைய பச்சையையே போலியாகக் காட்டும் வசதியும் இந்தப் பெட்டியில் இருக்கிறது.

முதலில் டெட்ரிஸைச் செருகினான். உடனே வந்தது. 1984-ல் மாஸ்கோவில், விஞ்ஞானக் கழகத்தின் கணிப்பொறி நிலையத்தில் அலெக்ஸி பஜித்னோவ் என்பவர் எழுதிய ஆட்டம் அது. உரிமை சர்க்கார் கையில். அவருக்கு 1996 வரை ராயல்டி ஒரு காசு வரவில்லை. எழுத்தாளன் என்ற முறையில் அவர்மேல் எனக்குத் தனி வாஞ்சை. கட்டைகள் விழுந்தன. என் மனைவி கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு பெட்டியை வாங்கினாள். கண் மறந்திருந்தது, விரல் மறக்கவில்லை.

டெட்ரிஸ் எதையும் ஞாபகம் வைத்துக்கொள்ளாத ஆட்டம். அணைத்தால் அதிகபட்ச எண்ணும் அழிந்துவிடும். ஆகவே அது இழப்பதற்கு ஒன்றுமில்லை. போக்கிமான் அப்படியில்லை. ஆடியவன் விட்ட இடம், பிடித்த பிராணிகள், வைத்த பெயர்கள் எல்லாம் கார்ட்ரிட்ஜுக்குள் இருக்கும்; அவற்றைக் காப்பது உள்ளே பற்ற வைத்திருக்கும் காசளவு பாட்டரி ஒன்று. அது பத்துப் பதினைந்து வருஷம், சிலவற்றில் இருபதுக்கு மேலும் உழைக்கும். தீர்ந்தால் ஆட்டம் இருக்கும். ஆடியதற்கு அடையாளம் இருக்காது.

செருகினான். இசை வந்தது. பொத்தானை அழுத்தினான். பழைய கணக்கு உயிரோடு இருந்தால் 'தொடர்க' என்று மேலே ஒரு வரி வர வேண்டுமாம். 'புது ஆட்டம்' என்பதுதான் மேலே இருந்தது. கழற்றி, பஞ்சில் ஸ்பிரிட் நனைத்து முனைகளைத் துடைத்து, மறுபடி செருகினான். அதேதான்.

ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். 2012-ல் அவன் போனில், "அப்பா, அந்தக் கார்ட்ரிட்ஜை யாராவது வருகிறவர்களிடம் கொடுத்தனுப்புங்கள். பாட்டரி போவதற்குள் உள்ளே இருப்பதைப் பிரதி எடுத்துவிடலாம்" என்று சொல்லியிருந்தான். அந்த வருஷம் இரண்டு பேர் போனார்கள். ஒருவரிடம் ஊறுகாய் கொடுத்தனுப்பினேன். இன்னொருவரிடம் என் புத்தகம்.

"பரவாயில்லை அப்பா" என்றான். எழுந்து போய்க் கொல்லையில் கொஞ்ச நேரம் நின்றான்.

பேத்திக்கு ஒன்பது வயது. அவள் பெட்டியை எடுத்துப் புது ஆட்டம் தொடங்கிவிட்டாள். மூன்று பிராணிகளில் ஆமையையே எடுத்தாள். "பேர் வைக்கணுமாம் தாத்தா. அந்தப் பாட்டியோட நிஜப் பேர் என்ன?" என்று கேட்டாள்.

"அலமேலு மங்கை."

இங்கிலீஷில் எண்ணிப் பார்த்தாள். பத்தெழுத்துக்கு மேல் அது இடம் கொடுக்காதாம். 'அலமேலு'வோடு நிறுத்தினாள்.

ஊருக்குத் திரும்பிப் போய்ப் புதுப் பாட்டரி பற்ற வைக்கும் வரை கார்ட்ரிட்ஜில் எதுவும் தங்காது, பெட்டியை அணைத்தால் எல்லாம் போய்விடும் என்று மகன் அவளுக்கு விளக்கினான். அப்படியானால் அணைக்கக் கூடாது என்று அவள் சொல்லிவிட்டாள். கூடத்து மேஜைமேல், மின்சாரக் கம்பி செருகியபடி பெட்டி விழித்துக் கொண்டிருந்தது.

நடுராத்திரியில் மின்சாரம் போயிற்று. எழுந்து தடவிக்கொண்டு கூடத்துக்குப் போனேன். எனக்கு முன்பே என் மகன் அங்கே வந்து, பெட்டியின் வெளிச்சம் முகத்தில் விழ, உட்கார்ந்திருந்தான்.