வாயில் காத்த தங்கராஜ்

காற்பந்தாட்டத்தில் ஓரணிக்குப் பதினொருவர் ஆடினும், ஆட்டத்தின் ஓட்டத்தில் பந்தைக் கையால் தீண்டும் உரிமை ஒருவருக்கே உண்டு. அவரே கோல் காவலர். மற்றையோர் ஓடி ஆடுகையில் அவர் நின்று பார்க்கிறார். திடல் முழுவதையும் எதிர்நோக்கி நிற்பவர் அவர் ஒருவரே. ஆதலின், ஆடும் பருவம் முடிந்தபின் நல்ல பயிற்றுநராகும் தகுதி இவருக்கு இயல்பாகவே வாய்க்கின்றது எனலாம். எனினும் அடித்தவன் பெயரை எழுதிவைக்கும் வரலாறு, தடுத்தவன் பெயரைப் பெரும்பாலும் எழுதுவதில்லை.

இதற்கு விலக்காய் அமைந்தவர் அங்கேரி நாட்டுப் பெரங்க் பிளாட்கோ. புடாபெஸ்டில் பிறந்த இவர், 1923 முதல் பார்சலோனாக் கழகத்தின் வாயிலைக் காத்தார். 1928ஆம் ஆண்டு சாந்தாண்டர் நகரில் நிகழ்ந்த கிண்ண இறுதியாட்டத்தில் தலையில் பலத்த காயமுற்று வெளியேறியவர், தையலிட்டுக் கட்டுப்போட்ட தலையோடு மீண்டும் வந்து நின்றார். அதனைக் கண்ட இசுபானியக் கவிஞர் ரஃபேல் அல்பெர்தி அவர்மேல் ஒரு பாடலே புனைந்தார். பின்னர்ப் பிளாட்கோ கடல் கடந்து தென்னமெரிக்கா சென்று, சிலி நாட்டின் கோலோ கோலோக் கழகத்தைப் பயிற்றுவித்தார். அக்கழகம் 1941இல் ஓர் ஆட்டத்திலும் தோல்வியுறாமல் வாகை சூடியது. பிறந்த மண்ணை விட்டகன்று, அயல்மொழி பேசும் இளைஞர்க்குத் தாம் கற்றதைக் கொடுத்துச் செல்வது அவர் வாழ்வாயிற்று.

அத்தகைய வாழ்வு ஒரு தமிழ்ப் பெயருக்கும் உண்டு. அப்பெயர் பீட்டர் தங்கராஜ்.

1935ஆம் ஆண்டு திசம்பர்த் திங்கள் 24ஆம் நாள் ஐதராபாத்தில் பிறந்தார் தங்கராஜ். 1953இல் படையிற் சேர்ந்து, நீலகிரி வெலிங்டனிலுள்ள சென்னைப் படைப்பிரிவு மையத்தின் அணியில் இடம்பெற்றார். முதலில் அவர் ஆடியது நடுமுன்னணியில். கோல் அடிக்க வந்தவர் கோல் காக்க நின்றது பின்னர்த்தான். எதிரணியின் முன்னணி வீரர் அடுத்து என்ன செய்வார் என்பதை அவர் முன்கூட்டியே உணர்ந்தமைக்கு இந்தத் தொடக்கமும் ஒரு காரணமாகலாம். ஆறடிக்கு மேற்பட்ட உயரமும் நீண்ட கைகளும் துணை நிற்க, அம்மையத்தின் அணி 1955, 1958 ஆகிய ஈராண்டுகளிலும் தூரந்து கிண்ணத்தை வென்றது. 1956 மெல்பர்ன் ஒலிம்பிக்கில் நான்காமிடம் பெற்ற இந்திய அணியில் அவரும் இருந்தார். 1958இல் ஆசியாவின் சிறந்த கோல் காவலர் என மதிக்கப்பெற்றார்.

பிளாட்கோவின் நாட்டையே அவர் நேருக்கு நேர் சந்தித்தது 1960ஆம் ஆண்டு உரோம் ஒலிம்பிக்கில். அங்கேரி அணியில் அன்று புளோரியன் ஆல்பர்ட் என்னும் இளைஞர் ஆடினார். அவர் 1967இல் ஐரோப்பாவின் தலைசிறந்த ஆட்டக்காரர் விருதைப் பெற்றவர். அவரும் கோரோச்சும் ஆளுக்கொரு கோல் அடிக்க, இந்தியாவுக்காகப் பலராமன் ஒன்றைத் திருப்பினார். இரண்டுக்கு ஒன்று என்னும் கணக்கில் இந்தியா தோற்றது. அவ்வொலிம்பிக்கில் வெண்கலம் வென்ற அணியிடம் பெற்ற தோல்வி இது. வெற்றிகள் சிலவற்றினும் இத்தோல்வி பெருமையுடையது என்பதில் ஐயமில்லை.

ஆயினும் அவர் பெயரை நிலைநிறுத்தியது சக்கார்த்தா. 1962ஆம் ஆண்டு ஆசிய விளையாட்டுப் போட்டிக்கு இந்திய அணியை ஆயத்தம் செய்தவர் சையது அப்துல் ரகீம். ஐதராபாத்தில் பள்ளி ஆசிரியராகப் பணியாற்றியவர் அவர். ஒழுங்கையும் திட்டத்தையும் வகுப்பறையிலிருந்து திடலுக்குக் கொண்டுவந்தவர். அப்போது புற்றுநோய் அவரை அரித்துக்கொண்டிருந்தது. தங்கராஜும் நோயுற்றிருந்தமையால் அரையிறுதியில் பிரத்யுத் பர்மனே வாயிலைக் காத்தார். செப்டம்பர் 4ஆம் நாள் இறுதியாட்டம். எதிரணி, தொடக்கச் சுற்றில் இந்தியாவை இரண்டுக்குச் சுழியம் என வென்ற தென்கொரியா. உயரமான கொரியர்க்கு எதிராக உயரமான காவலர் வேண்டுமெனக் கருதி ரகீம் தங்கராஜை நிறுத்தினார் என்பர். இசுரேலும் தைவானும் விலக்கப்பட்டமை குறித்து இந்திய அதிகாரி ஒருவர் கூறிய கருத்தால் அரங்கு முழுதும் இந்தியாவின்மேல் சினங்கொண்டிருந்தது. அக்கூச்சலுக்கிடையே பி. கே. பானர்ஜியும், தலையில் தையலோடு ஆடிய சர்னைல் சிங்கும் தொடக்கத்திலேயே கோல் அடித்தனர். அதன்பின் ஏறத்தாழ ஒரு மணி நேரத்திற்கும் மேலாக அந்த முன்னிலையைக் காக்க வேண்டியிருந்தது. ஆட்டம் முடியும் தறுவாயில் கொரியர் ஒன்றைத் திருப்பினர், அவ்வளவே. இரண்டுக்கு ஒன்று என்னும் கணக்கில் பொன் கிட்டியது. அடுத்த ஆண்டு சூன் திங்களில் ரகீம் மறைந்தார். ஆசிய விளையாட்டுக் காற்பந்தில் இந்தியா அதன்பின் பொன் வென்றதில்லை.

மலேசியத் தமிழர்க்கும் அக்கால இந்திய அணி அயலானதன்று. கோலாலம்பூரில் நடந்த மெர்டேக்காப் போட்டியில் 1959, 1964 ஆகிய ஆண்டுகளில் இந்தியா இரண்டாமிடம் பெற்றது. ஈப்போவுக்குத் தெற்கே, சிம்பாங் பூலாய் போன்ற சுண்ணாம்புக் குன்றடி ஊர்களிலும் பேராக்கின் ரப்பர்த் தோட்டங்களிலும் கோயில், தமிழ்ப்பள்ளி, திடல் என்னும் மூன்றும் தமிழர் வாழ்வோடு ஒன்றியிருந்த காலம் அது. பால்மரம் வெட்டி முடித்த மாலைகளில் அத்திடல்கள் ஆரவாரித்தன.

அந்த மெர்டேக்கா அரங்கிலேயே பின்னாளில் புகழ்பெற்றவர் நம் நாட்டு ஆர். ஆறுமுகம். நீண்ட கைகளால் 'சிலந்தி மனிதர்' எனப் பெயர் பெற்றவர். 1974இல் தெகரானில் வெண்கலம் வென்ற அணியிலும், 1980இல் தென்கொரியாவை வென்று மாசுகோ ஒலிம்பிக்குக்குத் தகுதிபெற்ற அணியிலும் இருந்தவர். மலேசியா அவ்வொலிம்பிக்கைப் புறக்கணித்தமையால் அப்பயணம் நிகழவில்லை. 1988 திசம்பரில் சாலை விபத்தில் இறந்தபோது அவருக்கு அகவை முப்பத்தைந்து. பிறர்க்குக் கற்பிக்க வேண்டிய பருவம் அவருக்குத் தொடங்கும் முன்னரே முடிந்துவிட்டது. 2016இல் வந்த 'ஓலா போலா' திரைப்படத்தின் கோல் காவலர் முத்து, அவரை நினைவூட்டும் பாத்திரம்.

தங்கராஜுக்கு அந்தப் பருவம் வாய்த்தது. கொல்கத்தாவின் முகமதன் இசுபோர்ட்டிங், மோகன் பகான், கீழை வங்கம் ஆகிய மூன்று பெருங்கழகங்களிலும் ஆடி, 1967இல் அருச்சுனா விருதும் பெற்று, 1971இல் ஓய்ந்தார். அதன்பின் கோவாவின் வாசுகோக் கழகத்தைப் பயிற்றுவித்தார். அலிகார் முசுலிம் பல்கலைக்கழகத்திலும், தாகூர் நிறுவிய விசுவபாரதியிலும் மாணவர்க்குக் கற்பித்தார். இறுதியில் பொகாரோ எஃகு ஆலையின் பயிற்சி மையத்தை நடத்தினார். கொங்கணியும் உருதுவும் வங்கமும் இந்தியும் வழங்கும் ஊர்கள் இவை. கிண்ணங்களைக் கணக்கிடுவோர் இவ்வாண்டுகளை இரண்டு வரியில் கடந்துவிடுவர். தடுத்த பந்துகளுக்கே கணக்கில்லாதபோது, தடுக்கக் கற்றுக்கொடுத்தமைக்குக் கணக்கேது? ஆனால் பதினைந்து அகவைச் சிறுவன் ஒருவன் எங்கே நிற்பது, எப்போது வாயிலை விட்டு முன்னேறுவது, விழும்போது தோளை எப்படி மடக்குவது என்பதையெல்லாம் நூலிலிருந்து கற்பதில்லை. நின்று காட்டும் ஒருவரிடமிருந்தே கற்கிறான்.

2008ஆம் ஆண்டு நவம்பர் 24ஆம் நாள், எழுபத்து மூன்றாம் பிறந்தநாளுக்கு ஒரு திங்கள் இருக்கையில், அந்த எஃகு நகரிலேயே தங்கராஜ் காலமானார்.