பறித்ததைத் திருப்பிக் கொடுத்த பாதிரியார்



சமயத்தின் பெயரால் நிகழ்ந்த கொடுமைகளை வரலாறு மறைப்பதில்லை. அச்சமயத்தின் பெயராலேயே அக்கொடுமைகளை எதிர்த்து நின்றோரையும் அது மறப்பதில்லை. இவ்விரு பக்கங்களிலும் நின்ற ஒரு மனிதரைப் பற்றி இன்று கூற விரும்புகிறேன். அவர் பெயர் பர்த்தலோமே தெ லாஸ் காசாஸ்.

ஸ்பெயின் நாட்டின் செவில் நகரில் 1484ஆம் ஆண்டில் அவர் பிறந்தார். அவருடைய தந்தையார் கொலம்பஸின் இரண்டாம் பயணத்தில் உடன் சென்றவர். லாஸ் காசாஸும் 1502ஆம் ஆண்டில் கடல் கடந்து இஸ்பானியோலா தீவை அடைந்தார். ஹெய்ட்டி, டொமினிக்கன் குடியரசு என்னும் இரு நாடுகள் இன்று அத்தீவில் உள்ளன. இந்தியாவை அடைந்துவிட்டதாகக் கொலம்பஸ் தவறாக எண்ணியதால், அம்மண்ணின் மக்கள் 'இந்தியர்' என்றே அழைக்கப்பட்டனர்.

அங்கே ஒரு முறை வழக்கத்தில் இருந்தது. அதற்கு 'என்கோமியெண்டா' என்று பெயர். குடியேறிய ஸ்பானியர் ஒருவருக்குக் குறிப்பிட்ட தொகையினரான இந்தியரை அரசு ஒப்படைக்கும். அவர்களைக் காத்துக் கிறிஸ்தவ நெறியைக் கற்பிப்பது அவருடைய கடமை. அவருக்கு உழைத்துக் கொடுப்பது இந்தியரின் கடமை. ஏட்டில் இருந்தது இதுதான். நடந்ததோ வேறு. போதனை பெயரளவில் நின்றது. பொற்சுரங்கங்களிலும் வயல்களிலும் மக்கள் மாண்டனர். பட்டினியும், கடும் உழைப்பும், ஐரோப்பியர் கொணர்ந்த நோய்களும் சேர்ந்து ஊர் ஊராக வெறுமையாக்கின. லாஸ் காசாஸும் இவ்வாறு இந்தியரைப் பெற்று வாழ்ந்தவரே. பின்னர் அவர் குருப்பட்டம் பெற்றார். அதன் பின்னும் அந்தப் பங்கை அவர் விடவில்லை.

1511ஆம் ஆண்டு, கிறிஸ்து பிறப்புத் திருநாளுக்கு முந்திய ஞாயிற்றுக்கிழமை. சாந்தோ டொமிங்கோ நகரக் கோயிலில், ஆளுநராகிய தியேகோ கொலம்பஸ் உள்ளிட்ட பெருமக்கள் அமர்ந்திருந்தனர். அந்தோனியோ தெ மோந்தேசினோஸ் என்னும் டொமினிக்கன் துறவி பிரசங்க மேடை ஏறினார். எந்த உரிமையால் இம்மக்களை அடிமைகொண்டீர்கள், இவர்கள் மனிதர் அல்லரோ, இவர்களுக்கு ஆன்மா இல்லையோ என்று முகத்துக்கு நேரே கேட்டார். கூட்டம் கொதித்தது. சொன்னதைத் திரும்பப் பெற வேண்டும் என்று பெரிய மனிதர்கள் மடத்து வாயிலில் போய் நின்றனர். மறு ஞாயிறு அவர் மீண்டும் மேடை ஏறினார். சொன்னதை முன்னிலும் கடுமையாகச் சொன்னார். அது அவர் ஒருவருடைய குரல் அன்று. அம்மடத்துத் துறவியர் அனைவரும் கூடி ஆராய்ந்து ஒப்பிய உரை அது.

இக்காலத்தில் ஒரு டொமினிக்கன் துறவியிடம் லாஸ் காசாஸ் பாவசங்கீர்த்தனம் செய்யச் சென்றார். இந்தியரை வைத்திருப்பவருக்குப் பாவமன்னிப்பு இல்லை என்று அத்துறவி மறுத்துவிட்டார். லாஸ் காசாஸ் வாதாடினார். தம் இந்தியரை விடவில்லை. ஆயினும் அந்த மறுப்பு அவர் நெஞ்சில் முள்ளாய்த் தங்கிவிட்டது.

பிறகு கியூபா தீவைக் கைப்பற்றச் சென்ற படையுடன் குருவாகச் சென்றார். ஆயுதமற்ற மக்கள் வெட்டி வீழ்த்தப்பட்டதைக் கண்ணால் கண்டார். கண்ட பின்னும் கியூபாவில் நிலமும் இந்தியரும் தமக்கு அளிக்கப்பட்டபோது ஏற்றுக்கொண்டார். நல்லவர்கள்கூடத் தீய முறையொன்றில் எவ்வளவு எளிதாக ஒட்டிக்கொள்கிறார்கள் என்பதை இங்கே கவனியுங்கள்.

1514ஆம் ஆண்டு பெந்தெகொஸ்தே திருநாளுக்குப் பிரசங்கம் ஆயத்தம் செய்கையில், வேதாகமத்தில் சீராக் நூலின் 34ஆம் அதிகாரம் அவர் கண்ணில் பட்டது. அநீதியால் வந்த பொருளைக் காணிக்கையாகக் கொடுத்தால் கடவுள் ஏற்கமாட்டார் என்றும், ஏழையின் பிழைப்பைப் பறிப்பது கொலைக்கு ஒப்பாகும் என்றும் அப்பகுதி கூறுகிறது. முன்பு அறியாத வாசகம் அன்று அது. அன்றோ, அது தம்மையே சுட்டுவதாக அவர் உணர்ந்தார். நாட்கணக்கில் சிந்தித்தார். முடிவில் ஆளுநரிடம் சென்று, தம் இந்தியரைத் துறப்பதாக அறிவித்தார். அவர்கள் வேறு ஒருவர் கைக்குப் போவார்கள் என்பது அவருக்குத் தெரியும். ஆயினும் தாம் வைத்துக்கொண்டு பிறரை விடச் சொன்னால் எவர் கேட்பார்? அவ்வாண்டு ஆகஸ்ட் 15ஆம் நாள் பிரசங்க மேடையிலிருந்து அதனை ஊரறியச் சொன்னார்.

அடுத்த ஆண்டு மோந்தேசினோஸுடன் ஸ்பெயினுக்குக் கப்பல் ஏறினார். 1516இல் 'இந்தியரின் பாதுகாவலர்' என்னும் பதவி அவருக்குக் கிடைத்தது. இந்தியரைக் காக்க அவர் பல திட்டங்களை அரசுக்கு அளித்தார். அவற்றுள் ஒன்று பெரும் பிழை. இந்தியர்க்கு மாற்றாக ஆப்பிரிக்க அடிமைகளைக் கொணரலாம் என்று அவர் யோசனை கூறினார். ஆப்பிரிக்க அடிமை வணிகத்தை அவர் தொடங்கி வைக்கவில்லை. அது முன்பே இருந்தது. ஆயினும் அவரும் அதற்குத் துணைபோனார். ஒரு மக்களின் கண்ணீரைத் துடைக்க, மற்றொரு மக்களின் கண்ணீரை அவர் காணத் தவறினார்.

1522இல் அவர் டொமினிக்கன் சபையில் துறவியானார். இடைவிடாத முயற்சியின் பயனாக 1542ஆம் ஆண்டில் பேரரசர் ஐந்தாம் சார்ல்ஸ் 'புதிய சட்டங்களை' இயற்றினார். இந்தியரை அடிமையாக்குவது தடை செய்யப்பட்டது; என்கோமியெண்டா பரம்பரைச் சொத்தாக இறங்கக் கூடாது என்றும் விதிக்கப்பட்டது. குடியேறியவர் வெகுண்டனர். பெரு நாட்டில் கலகம் மூண்டு, 1546இல் அரசப் பிரதிநிதியே கொல்லப்பட்டார். அதற்குள் 1545இலேயே பரம்பரைத் தடையை அரசர் விலக்கிக்கொண்டார்.

இதற்கிடையில் லாஸ் காசாஸ், இன்றைய மெக்ஸிகோவிலுள்ள சியாப்பா பகுதிக்கு மேற்றிராணியாராக நியமிக்கப்பட்டு 1545இல் அங்கே சேர்ந்தார். இந்தியரை விடுவிக்காதவருக்கும், அவர்களிடம் பறித்ததைத் திருப்பிக் கொடுக்காதவருக்கும் பாவமன்னிப்பு இல்லை என்று ஆணையிட்டார். ஒரு காலத்தில் தமக்கு மறுக்கப்பட்டதை இப்பொழுது அவர் பிறருக்கு மறுத்தார். ஈடு செய்யாத மனத்தாபம் மனத்தாபம் ஆகாது என்பதே அவர் கண்ட இறையியல். ஊரார் பொறுக்கவில்லை, கலகம் செய்தனர். அவர் ஊரை விட்டு நீங்க நேர்ந்தது. 1547இல் ஸ்பெயின் திரும்பினார்.

1550ஆம் ஆண்டு வல்யதோலித் நகரில் அறிஞர் சபை ஒன்று கூடியது. இயல்பிலேயே அடிமையாகப் பிறந்தோர் உண்டு என்னும் அரிஸ்டாட்டிலின் கொள்கையைக் கொண்டு, இந்தியர்மேல் போர் தொடுப்பது நியாயமே என்று செப்பூல்வேதா என்னும் பேரறிஞர் வாதித்தார். அவர் அமெரிக்க மண்ணை ஒருபோதும் மிதித்ததில்லை. லாஸ் காசாஸ் தம் மறுப்பை ஐந்து நாள் படித்தார். மக்கட் குலம் ஒன்றே, அதில் இயற்கை அடிமை என்று ஒரு வகுப்பு இல்லை என்று நிலைநாட்ட முயன்றார். சபை தெளிவான தீர்ப்பு எதனையும் வெளியிடவில்லை.

முதுமையில் எழுதிய 'இந்தியத் தீவுகளின் வரலாறு' என்னும் நூலில் ஆப்பிரிக்கரைப் பற்றிய தம் பழைய யோசனையை அவர் மறைக்கவில்லை. அவர்களை அடிமையாக்கியதும் அதே அளவு அநீதியே என்றும், அறியாமையால் செய்தேன் என்னும் சாக்கு கடவுள் முன் தம்மைக் காக்குமோ என்பது ஐயமே என்றும் அதில் ஒப்புக்கொண்டார். 1566ஆம் ஆண்டு ஜூலை மாதம் மத்ரித் நகரில் காலமானார். அந்நூல் அச்சேறியது 1875இல்தான். அதற்குள் ஏறத்தாழ 1 கோடியே 25 லட்சம் ஆப்பிரிக்கர் அட்லாண்டிக் கடலைக் கடக்கும் அடிமைக் கப்பல்களில் ஏற்றப்பட்டிருந்தனர். எண்ணிப் பாருங்கள்: தம் இந்தியரை அவரால் துறக்க முடிந்தது, இந்த இழப்பை எவ்வாறு ஈடு செய்வார்? தம் குற்றத்தைத் தம் கையாலேயே எழுதி வைப்பது ஒன்றே எஞ்சியிருந்தது. அதைச் செய்தார்.

வகுப்பில் இவ்வரலாற்றை நான் கூறி முடித்ததும், "ஐயா, அவர் வென்றாரா, தோற்றாரா?" என்று மாணவர் கேட்பதுண்டு. சட்டம் தளர்ந்தது, பதவி நிலைக்கவில்லை, வாதம் தீர்ப்பின்றி முடிந்தது. எனினும், ஆள்பவரின் வசதிக்கு இசைந்த சமயப் போதனை ஒன்றே அக்காலத்தில் இருந்தது என்று இனி எவரும் கூற இயலாது. நீதியைப் பற்றிப் பேசுவோர் நம்மிடையே பலர் உண்டு. பேசுவதற்கு முன் தம் வீட்டுக் கணக்கைத் திறந்து பார்த்து, பிறருக்கு உரியது அதில் எவ்வளவு என்று கேட்டவர் சிலரே. நீங்கள் எந்தத் தலைவரை எடைபோட்டாலும், அவர் எதைக் கேட்டார் என்பதோடு, எதைத் திருப்பிக் கொடுத்தார் என்பதையும் சேர்த்து எடைபோடுங்கள்.