கிணத்து வாய்ல ஒரு ஊரு

யுகாதான்ல ஆறே கிடையாதுங்க. மெக்சிகோ வரைபடத்துல வலது ஓரமா, கடலுக்குள்ள கட்டைவிரலை நீட்டின மாதிரி ஒரு தீபகற்பம் இருக்கே, அதான் யுகாதான். அதோட வடபாதியில பேருக்குக்கூட ஒரு ஆறு ஓடல. மழை நல்லாவே பெய்யுது. ஆனா தரை முழுக்க சுண்ணாம்புக்கல்லு. சல்லடையில ஊத்தின தண்ணி மாதிரி அப்படியே கீழே போயிடும். அப்புறம் எப்படி அங்க ஊரும் ராஜாவும் முப்பது மீட்டர் பிரமிடும் வந்துச்சுன்னு கேட்டா, பதில் அந்தக் கிணறுகள்லதான் இருக்கு.

ஆபீஸ் வேலையா கொஞ்ச மாசம் மெக்சிகோவுல இருந்தப்ப குடும்பத்தோட கான்குன் போயிருந்தோம். அங்க தெருவுக்கு நாலு டூர் கடை. எல்லாரும் விக்கிறது ஒரே சரக்கு: காலையில சிச்சென் இட்ஸா, மத்தியானம் செனோட்டே குளியல், நடுவுல பஃபே சாப்பாடு. பிரமிடுக்கும் நீச்சலுக்கும் என்னய்யா சம்பந்தம், நம்மூர்ல கோயிலையும் வாட்டர் தீம் பார்க்கையும் ஒரே பஸ்ல காட்டற மாதிரி இருக்கேன்னுதான் முதல்ல நினைச்சேன். போய்ப் பார்த்து, வந்து படிச்சப்புறம்தான் ரெண்டும் ஒரே சமாச்சாரம்னு புரிஞ்சது. ஊரோட பேருலயே அது இருக்கு. மாயா மொழியில 'சி'ன்னா வாய், 'சென்'னா கிணறு, இட்ஸாங்கறது அங்க இருந்த ஜனங்களோட பேரு. மொத்தத்துல 'இட்ஸாக்களோட கிணத்து வாய்'.

செனோட்டேங்கறது ஸ்பானிஷ்காரன் வாய்ல மாட்டி மாறின வார்த்தை. மாயா மொழியில 'ட்ஸோனோட்'. சுண்ணாம்புக்கல்லை மழைத்தண்ணி கொஞ்சம் கொஞ்சமா கரைச்சு, பூமிக்கடியில குகையாக்கி, ஒரு நாள் குகையோட கூரை இடிஞ்சு விழுந்தா அதான் செனோட்டே. மேல இருந்து பார்த்தா வட்டமா ஒரு பெரிய குழி, அடியில தெளிஞ்ச தண்ணி. உள்ளுக்குள்ள ஒண்ணுக்கொண்ணு தொடர்பு உண்டு. 2018ல துலும் பக்கம் ரெண்டு குகைகள் சேர்ந்தே இருக்குன்னு முக்குளிப்போர் கண்டுபிடிச்சாங்க. சேர்ந்த நீளம் 347 கிலோமீட்டர், அத்தனையும் தண்ணிக்குள்ள!

இதுல இன்னொரு ஆச்சரியம். வரைபடத்துல செனோட்டேக்களைப் புள்ளி வெச்சா, வடமேற்குல நிறைய புள்ளிகள் அரைவட்டமா வரிசை கட்டி நிக்கும். 6 கோடியே 60 லட்சம் வருஷத்துக்கு முன்னாடி விழுந்து டைனோசர் வம்சத்தை முடிச்சுவெச்ச விண்கல் இருக்கே, அது விழுந்த இடம் இதேதான். சிக்ஸுலுப் பள்ளம்னு பேரு, குறுக்களவு சுமார் 180 கிலோமீட்டர். பள்ளம் பின்னாடி சுண்ணாம்புக்கல்லால மூடிப் போச்சு. ஆனா அதோட விளிம்பு இருந்த இடத்துக்கு மேலதான் பாறை பலவீனமாகி செனோட்டேக்கள் திறந்திருக்கு. (எங்க வீட்டுச் சின்னவனுக்கு மொத்த டூர்லயும் பிடிச்ச சேதி இது ஒண்ணுதான்.)

சரி, ஊருக்கு வருவோம். சிச்சென் இட்ஸா ஓஹோன்னு இருந்தது 9ஆம் நூற்றாண்டுலேர்ந்து 11ஆம் நூற்றாண்டு வரை. தஞ்சாவூர்ல ராஜராஜன் பெரிய கோயிலைக் கட்டி முடிச்ச 1010ஐ மனசுல வெச்சுக்கிட்டா காலக்கணக்கு பிடிபடும். பெரிய பிரமிடுக்கு இப்ப எல் காஸ்தியோன்னு பேரு. குக்குல்கான்ங்கற சிறகு முளைச்ச பாம்பு தெய்வத்துக்கான கோயில். நாலு பக்கமும் 91 படி, உச்சி மேடையையும் சேர்த்தா 365. மார்ச், செப்டம்பர்ல பகலும் இரவும் சமமா வர்ற நாளை ஒட்டி, சாயங்கால வெயில்ல படிக்கட்டு ஓரத்துல பாம்பு இறங்கி வர்ற மாதிரி நிழல் விழும். மேலே ஏறறதை 2006ல தடை பண்ணிட்டாங்க. 2007ல தாஜ்மகாலோட சேர்ந்து புதிய ஏழு அதிசயப் பட்டியல்லயும் இடம் பிடிச்சது. இதெல்லாம் எந்த கைடும் சொல்லுவார். ஆனா 2015ல மெக்சிகோ விஞ்ஞானிகள் தரைக்குள்ள மின்சாரம் செலுத்திப் பார்த்து, பிரமிடுக்கு நேர் அடியிலயும் தண்ணி நிக்கிற ஒரு செனோட்டே இருக்குன்னு அறிவிச்சாங்களே, அதைத்தான் எங்க கைடு சொல்லல.

பிரமிடுலேர்ந்து வடக்கே ஒரு கல் பாவின பாதை போகுது. அது முடியற இடம் புனித செனோட்டே. 60 மீட்டர் அகலம். விளிம்புலேர்ந்து செங்குத்தா இருபது மீட்டருக்கும் கீழே பச்சைத் தண்ணி. இங்க குளியல் கிடையாது, இறங்கவே வழி இல்ல. ஊருக்குக் குடிதண்ணி எடுத்தது ஷ்டோலோக்ங்கற வேற செனோட்டேவுல. இது சாக்ங்கற மழைக்கடவுளுக்கானது.

எங்க கைடு இங்க நிறுத்தி, குரலைத் தாழ்த்தி, "கன்னிப் பெண்களை நகையோட இதுல தள்ளுவாங்க"ன்னு சொன்னார். கூட்டமே 'உச்' கொட்டிச்சு. என் பொண்ணு என் கையை இறுக்கிப் பிடிச்சுக்கிட்டா. கதை பரபரப்பா இருக்கு, ஆனா சரியில்லை. மழை பொய்ச்சப்ப ஆளை உயிரோட இதுல போட்டாங்கன்னு 16ஆம் நூற்றாண்டுல தியேகோ தெ லாந்தாங்கற பாதிரியார் எழுதி வெச்சிருக்கார். பலி நடந்தது நிஜம். ஆனா உள்ளேர்ந்து எடுத்த எலும்புகள்ல ஆண், பெண், குழந்தைன்னு எல்லாரும் இருக்காங்க. கன்னிப்பொண்ணு கதை பின்னாடி வந்தவங்க ஒட்டவெச்ச ஜரிகை.

2024ல வந்த ஆய்வு இன்னும் கனமானது. செனோட்டே பக்கத்துல 1967லயே ஒரு நிலத்தடித் தொட்டியில நூத்துக்கும் மேற்பட்ட குழந்தைகளோட எலும்பு கிடைச்சிருந்தது. அதுல 64 பேரோட மரபணுவை எடுத்துப் பார்த்தா, 64 பேரும் ஆம்பளைப் பசங்க. சுமாரா நாலுல ஒருத்தருக்கு அதே குழியில நெருங்கின சொந்தம். ரெண்டு ஜோடி ஒரே மாதிரி இரட்டையர் வேற. மாயாக்களோட புராணத்துல இரட்டைச் சகோதரர்கள் பாதாள லோகம் போற கதை உண்டு, அதோட சம்பந்தம் இருக்கலாம்னு ஆய்வாளர்கள் சொல்றாங்க. பக்கத்து ஊரான திஷ்காகால்துயுப்ல இன்னிக்கு வாழற மாயா ஜனங்களும் ஆய்வுக்கு மரபணு கொடுத்தாங்க. அந்தப் பசங்களும் இவங்களும் ஒரே வம்சாவளி.

"மாயாக்கள் மர்மமா மறைஞ்சு போயிட்டாங்க"ன்னு டிவியில அடிக்கடி சொல்றாங்களே, அது எனக்குக் கோவம் வர்ற சமாச்சாரம். மெக்சிகோவுல மட்டும் ஏழு லட்சத்துக்கும் மேல யுகாதான் மாயா மொழி பேசறாங்க. 1847ல மாயாக்கள் அரசாங்கத்தை எதிர்த்து ஆரம்பிச்ச சண்டை அரை நூற்றாண்டு நீண்டது. காணாம போனவங்க எப்படிங்க சண்டை போடுவாங்க? ஊர்கள் கைவிடப்பட்டது நிஜம்தான், நீண்ட வறட்சி அதுக்கு ஒரு முக்கியக் காரணம். அவங்க புஸ்தகங்கள் போனதுக்குக் காரணம் அதே லாந்தாதான். 1562 ஜூலையில மானிங்கற ஊர்ல கட்டுக்கட்டா எரிச்சார். உலகம் முழுக்க இன்னிக்கு மிஞ்சினது நாலே நாலு. எரிச்சதும் அவரே, மாயாக்களைப் பத்தி நமக்கு அதிகமா எழுதி வெச்சதும் அவரே.

அடுத்தவர் எட்வர்ட் தாம்ப்ஸன். மெரிதாவுல அமெரிக்கத் துணைத்தூதரா (கான்சல்) இருந்தவர். 1894ல சிச்சென் இட்ஸா இருந்த பண்ணையையே விலைக்கு வாங்கிட்டார்! 1904லேர்ந்து புனித செனோட்டேவுல தூர்வாரும் எந்திரத்தை இறக்கி அள்ளினார். கிணத்துக்குள்ள போடறதுக்கு முன்னாடியே உடைச்சும் எரிச்சும் போட்டிருந்த தங்கத் தகடுகள், பச்சைக்கல், செப்பு மணி, குங்கிலிய உருண்டை, துணி, எலும்பு எல்லாம் வந்துச்சு. யுகாதான்ல தங்கமே கிடையாது. பனாமா, கோஸ்டாரிகா பக்கத்துலேர்ந்து வந்த தங்கம் அது. அவ்வளவு தூரத்துலேர்ந்து சரக்கும் ஜனமும் வந்த ஊரு. தாம்ப்ஸன் பெரும்பாலானதை நைசா ஹார்வர்டோட பீபாடி அருங்காட்சியகத்துக்கு அனுப்பிட்டார். 1926ல மெக்சிகோ அரசு வழக்குப் போட்டு பண்ணையை முடக்கிச்சு. 1944ல அந்த நாட்டு உச்ச நீதிமன்றமே தாம்ப்ஸன் தரப்புக்குச் சாதகமா தீர்ப்பு சொல்லிடுச்சு, அவர் செத்து ஒன்பது வருஷம் கழிச்சு. 1970ல பீபாடி ஒரு பகுதியைத் திருப்பிக் கொடுத்தது, நிறைய இன்னும் அங்கதான். நம்ம சிலைக்கடத்தல் சேதிகளைப் படிக்கிறவங்களுக்கு இது பழகின கதை.

தாம்ப்ஸன் அள்ளினப்ப கிணத்து அடியில நாலு மீட்டருக்கும் மேல நீலச் சேறு இருந்ததாம். ஏன் நீலம்னு ரொம்ப நாள் யாருக்கும் பிடிபடல. 2008ல ஒரு ஆய்வு அதுக்கு விடை கொடுத்தது. பலிப்பொருளுக்கும் பலியாகிற ஆளுக்கும் பூசற மாயா நீலத்தைக் குங்கிலியம், ஒருவித களிமண், அவுரி மூணையும் சேர்த்துச் சூடு பண்ணி அங்கேயே தயாரிச்சிருக்காங்க. நூற்றாண்டுக்கணக்கா உள்ளே போட்டதுலேர்ந்து கரைஞ்சு இறங்கின சாயம் அடியில படிஞ்சிருக்கு. அந்த அவுரி, நம்ம பக்கம் வயல்ல வளர்ந்த அவுரிக்கு ஒண்ணுவிட்ட சொந்தம்.

குளியல் மூணு கிலோமீட்டர் தள்ளி, இக் கில்ங்கற செனோட்டேவுல. தரையிலேர்ந்து 26 மீட்டர் கீழே தண்ணி, போக கல்படி இருக்கு. மேலேர்ந்து மரத்தோட வேர்கள் ஜடை மாதிரி தண்ணி வரைக்கும் தொங்குது. லைஃப் ஜாக்கெட் கட்டாயம், அதனால நீச்சல் தெரியாதவங்களும் இறங்கலாம் (என் வீட்டம்மா இறங்கினாங்க, ஏறத்தான் மனசு வரல :-) ). இறங்கறதுக்கு முன்னாடி ஷவர்ல குளிச்சே ஆகணும், சன்ஸ்கிரீன் பூசிக்கிட்டு இறங்கக்கூடாது. அலுத்துக்காதீங்க. ஆறே இல்லாத ஊர்ல குடிக்கிறதும் இந்த நிலத்தடித் தண்ணிதான். சுண்ணாம்புக்கல் எதையும் வடிகட்டாது, மேலே கொட்டறது நேரா கீழே போய் குகை வழியா அடுத்த ஊருக்குப் போயிடும். ஓட்டல் கழிவும் பண்ணைக் கழிவும் ஏற்கனவே பிரச்சினை. 2023 கடைசியில ஓட ஆரம்பிச்ச மாயா ரயிலுக்காக, கான்குனுக்கும் துலுமுக்கும் நடுவுல குகைக் கூரைகளைத் துளைச்சு எஃகுத் தூண்களை இறக்கினப்ப முக்குளிப்போர் படம் பிடிச்சுப் போராடினாங்க. தூண்கள் நின்னுடுச்சு, ரயிலும் ஓடுது, சிச்சென் இட்ஸாவுக்கே ஸ்டேஷன் வந்தாச்சு.

போறதா இருந்தா ரெண்டு விஷயம். கான்குனை விட சிச்சென் இட்ஸாவுல கடிகாரம் ஒரு மணி நேரம் பின்னாடி. காலையில அது நமக்கு லாபம், திரும்பும்போது நஷ்டம். கும்பல் பிடிக்காதுன்னா, வயாதோலித் ஊர்ல ஒரு ராத்திரி தங்கி, கதவு திறக்கிற நேரத்துக்கே பிரமிடுக்குப் போயிடுங்க. வயாதோலித் நடுவுலயே ஸாசின்னு ஒரு செனோட்டே இருக்கு. ஸ்பானிஷ்காரங்க வர்றதுக்கு முன்னாடி அந்த ஊருக்குப் பேரே அதுதான்.