காவல்துறை உள் விசாரணை (தமிழ்நாடு)

காவலர்கள் மீது எழும் லஞ்சம், கடமை தவறல், சித்திரவதை முதலிய புகார்களைக் காவல்துறையே ஆராய்ந்து தண்டிக்கும் முறை உள் விசாரணை எனப்படும். தமிழ்நாட்டில் பெரும் புகார்களின் விசாரணை படிப்படியாகத் துறைக்கு வெளியே சென்றிருக்கிறது.

தோற்றம்: சென்னை மாகாணத்தில் வரி வசூலும் காவலும் ஒரே ஊழியர்களிடம் இருந்தன. வரிக்காகக் குடியானவர்கள் வதைக்கப்பட்டதை விசாரித்த சித்திரவதை ஆணையம் 1855-இல் அறிக்கை அளித்தது. வதைபட்டவர் நீதி பெறுவது மிகக் கடினம் என்றும் அது பதிவுசெய்தது. 1859-ஆம் ஆண்டுச் சட்டம் தனிக் காவல்துறையை உருவாக்கியது. வில்லியம் ராபின்சன் அதன் முதல் தலைவரானார்.

நடைமுறை: 1955-ஆம் ஆண்டின் ஒழுங்கு, மேல்முறையீட்டு விதிகளின்படி சிறு குற்றங்களுக்கு 3(அ), பெருங்குற்றங்களுக்கு 3(ஆ) விதியில் குறிப்பாணை வழங்கப்படும். பின்னதில் சாட்சிகளை நேரில் விசாரித்த பிறகே பதவியிறக்கமோ பணிநீக்கமோ விதிக்கலாம். விசாரணை முடியும்வரை செய்யும் பணியிடை நீக்கமும் ஆயுதப்படைக்கு மாற்றுவதும் தண்டனை ஆகா. துறை விசாரணைக்கு நம்பத்தகுந்த அளவு சான்று போதும். குற்ற வழக்கில் ஐயத்துக்கு இடமின்றி மெய்ப்பிக்க வேண்டும்.

வெளி விசாரணை: காவலில் நேரும் மரணத்தை நீதித்துறை நடுவர் விசாரிக்க வேண்டும் என்ற சட்டத் திருத்தம் 2006-இல் நடைமுறைக்கு வந்தது. அதே ஆண்டு, காவல்துறைச் சீர்திருத்தம் பற்றிய பிரகாஷ் சிங் வழக்கில், ஓய்வுபெற்ற நீதிபதிகள் தலைமையில் புகார் ஆணையங்கள் அமைக்குமாறு உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது.

சாத்தான்குளம் வழக்கு: தூத்துக்குடி மாவட்டத்தின் சாத்தான்குளத்தில் வணிகர் ஜெயராஜும் மகன் பென்னிக்ஸும் 2020 ஜூன் 19 அன்று கைதாயினர். சில நாள்களில் இருவரும் காவலில் இறந்தனர். துறை முதலில் எடுத்தது பணியிடை நீக்க நடவடிக்கையே. உயர் நீதிமன்ற மதுரைக் கிளை தானாக முன்வந்து வழக்கை எடுத்தது. விசாரிக்கச் சென்ற கோவில்பட்டி நீதித்துறை நடுவருக்குக் காவலர்கள் ஒத்துழைக்கவில்லை. கண்காணிப்புக் கேமராப் பதிவுகள் நாள்தோறும் தாமாக அழியும்படி அமைக்கப்பட்டிருந்ததையும் அவர் கண்டறிந்தார். சான்றுகள் அழியாதிருக்க, நிலையத்தை வருவாய்த் துறையின் பொறுப்பில் வைக்க நீதிமன்றம் வழிசெய்தது. இருவரும் கைதான இரவில் பணியிலிருந்த பெண் தலைமைக் காவலர் ஒருவர் அச்சத்தை மீறி அளித்த சாட்சியம் வழக்கின் போக்கை மாற்றியது. மாநிலக் காவல்துறையின் குற்றப் புலனாய்வுப் பிரிவான சிபிசிஐடி, காவலர்களைக் கைதுசெய்தது. பின்னர் சிபிஐ ஒன்பது காவலர்கள் மீது குற்றப்பத்திரிகை தாக்கல் செய்தது. 2020 டிசம்பரில் வேறொரு வழக்கில், எல்லாக் காவல் நிலையங்களிலும் கேமரா பொருத்திப் பதிவுகளை 18 மாதம் வரை காக்குமாறு உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது.

புகார் ஆணையம்: 2013-ஆம் ஆண்டின் தமிழ்நாடு காவல் (சீர்திருத்தங்கள்) சட்டம் மாநில ஆணையத்துக்கு உள்துறைச் செயலரையும் மாவட்ட ஆணையத்துக்கு ஆட்சியரையும் தலைவராக்கியது, காவல் அதிகாரிகளே உறுப்பினர்கள். 2006-இல் உச்ச நீதிமன்றம் வகுத்த சுதந்திரமான அமைப்பு இதுவல்ல என்பதே இதன் மீதான முதன்மை விமர்சனம். இதற்கு மாறாக, இங்கிலாந்திலும் வேல்ஸிலும் 2018 முதல் செயல்படும் காவல் நடத்தை அலுவலகத்தின் தலைவராக, எப்போதேனும் காவல் பணியில் இருந்தவரை அமர்த்த முடியாது.